மண்டையோடும் மூக்கணாங்கயிறும்

டார்க் மார்க்கைக் கையில் பச்சை குத்திக்கொள்பவர்களோடு எனக்கு ஒரு சண்டை இருக்கிறது. ரொம்ப நாளாகவே இருக்கிறது. நேரில் பார்த்தால் சிரித்துவிட்டு நகர்ந்துவிடுவேன். ஆசை ஆசையாகக் குத்தி முடித்த கையைப் பிடித்துக்கொண்டு இலக்கிய விமர்சனம் பேசுவது நாகரிகமில்லை. எழுத்தில் அந்தத் தயக்கம் வேண்டாம் என்பதால் இங்கே போட்டு உடைக்கிறேன்.

ஹாரி பாட்டர் பக்கம் போகாதவர்களுக்கு ஒரு வார்த்தை. ஜே.கே. ரௌலிங்கின் ஏழு நாவல்களிலும் வில்லன் வோல்டமார்ட். அவனுடைய சீடர் கூட்டத்துக்கு டெத் ஈட்டர்கள் என்று பெயர். மந்திரவாதக் குடும்பத்தில் பிறக்காதவர்களை இழிபிறவிகளாகப் பார்க்கிற, முகமூடி போட்டுக்கொண்டு கொலை செய்கிற கூட்டம். அவர்களுடைய இலச்சினைதான் டார்க் மார்க். ஒரு மண்டையோடு, அதன் வாயிலிருந்து நாக்கு மாதிரி நீளும் ஒரு பாம்பு. டீ-ஷர்ட், மொபைல் கவர், சாவிக்கொத்து என்று எங்கும் பார்த்திருப்பீர்கள். ஒர்லாண்டோ யூனிவர்சல் பூங்காவில் 'நாக்டர்ன் ஆலி' என்று ஓர் இருட்டுச் சந்தையே செட் போட்டு, அங்கே டெத் ஈட்டர் சரக்குக்கென்று ஒரு கடையும் வைத்திருக்கிறார்கள்.

ஒழுக்கப் பாடம் எடுக்க நான் வரவில்லை. வில்லனை ரசிக்கக் கூடாது என்று நினைப்பவர்கள் கதை படிப்பதையே விட்டுவிடலாம். 'குழந்தைகள் கெட்டுப்போகும்' கட்சியிலும் நான் இல்லை. என் புகார் வாசிப்பு சம்பந்தப்பட்டது. அந்தக் குறியைக் குத்திக்கொள்கிறவர்கள் அதை ஒரு கலகக்காரனின் கொடியாக நினைக்கிறார்கள். நாவலுக்குள் அது மாட்டுக்குப் போடுகிற சூடு. எஜமானுடைய சூட்டை வாங்கிக்கொண்டு, அதை மகுடம் என்று நினைத்துச் சுற்றுகிறார்கள். எனக்கு வயிறு எரிவது அதனால்தான்.

*

முதலில் அந்தக் குறி என்ன வேலை செய்கிறது என்று பார்ப்போம். அதற்கு இரண்டு இடம் உண்டு. ஒன்று வானம், இன்னொன்று தோல்.

வானத்தில் அது ஒரு கையெழுத்து. 'மார்ஸ்மார்ட்ரே' என்று மந்திரக்கோலைத் தூக்கிச் சொன்னால் பச்சை ஒளியில் பிரமாண்டமாக மண்டையோடு எழும்பி நிற்கும். கொலை செய்த வீட்டுக்கு மேலே அதை ஏவிவிட்டுப் போவது டெத் ஈட்டர்களின் வழக்கம். 2000இல் வந்த நான்காம் நாவல் 'காப்லெட் ஆஃப் ஃபயர்'. அதில்தான் அதை முதன்முதலாகப் பார்க்கிறோம். விவரம் புரியாமல் முழிக்கும் பிள்ளைகளுக்கு ரானுடைய அப்பா ஆர்தர் வீஸ்லி அதை விளக்குகிறார். வேலை முடிந்து வீடு திரும்புகிறீர்கள், உங்கள் கூரைக்கு மேலே அது மிதந்துகொண்டிருக்கிறது, உள்ளே போனால் என்ன கிடக்கும் என்று உங்களுக்குத் தெரியும். அந்தக் குறியின் அர்த்தம் அவ்வளவுதான். அதில் தத்துவம் கிடையாது, கலகம் கிடையாது, 'டார்க் ஏஸ்தெட்டிக்' கிடையாது. வாசலில் நிற்கிற ஒருவனுக்கு உள்ளே தன் பிள்ளைகள் உயிரோடு இல்லை என்று சொல்கிற அறிவிப்புப் பலகை அது.

அதே அத்தியாயத்தில் இன்னொன்றும் நடக்கிறது. குத்திக்கொண்ட நண்பர்கள் தாண்டிப் போய்விடும் இடம் இதுதான். க்விடிச் உலகக் கோப்பை முடிந்த இரவு. முகமூடிக்காரர்கள் ஒரு சாதாரண குடும்பத்தை, சின்னக் குழந்தைகள் உட்பட, அந்தரத்தில் தூக்கிப் பொம்மை மாதிரி ஆட்டிக்கொண்டு ஊர்வலம் போகிறார்கள். திடீரென்று வானத்தில் டார்க் மார்க் எழுகிறது. பதின்மூன்று வருடமாக யாரும் பார்க்காத குறி. அதைப் பார்த்ததும் அந்த வீரர்கள் என்ன செய்தார்கள்? ஆரவாரம் செய்தார்களா? மண்டியிட்டார்களா? ஒருத்தன் இல்லாமல் ஓடிப்போனார்கள்!

ஏன் என்று பிள்ளைகள் கேட்கிறார்கள். பதில் எளிது. வோல்டமார்ட் வீழ்ந்ததும் 'எனக்கும் அவனுக்கும் சம்பந்தமில்லை, என்னை வசியம் பண்ணிட்டாங்க' என்று சொல்லித் தப்பித்தவர்கள் இவர்கள். எஜமான் திரும்பி வந்தால் முதல் அடி யாருக்கு விழும் என்று அவர்களுக்குத் தெரியும். அந்தக் குறியைக் கண்டு ஊரில் மற்ற யாரைவிடவும் அதிகமாக நடுங்கியவர்கள் அதைக் கையில் தாங்கியவர்கள்தான். அன்றிரவு அதை ஏவியவன் பார்ட்டி க்ரவுச் ஜூனியர். வெளியே சுகமாக இருந்த பழைய கூட்டாளிகள் மேல் இருந்த ஆத்திரத்தில் ஏவினான். ஓர் அமைப்பின் இலச்சினை அதன் சொந்த ஆட்களையே ஓட ஓட விரட்டுகிறது என்றால், அதைக் கொடி என்று யாராவது சொல்வார்களா?

*

இப்போது தோலுக்கு வருவோம்.

இடது முன்கையின் உட்புறம். வோல்டமார்ட் தன் கையால் பொசுக்கி வைக்கிற குறி. அது ஒருவரை ஒருவர் அடையாளம் காணவும் பயன்படுகிறது. முக்கியமான பயன் வேறு. அவன் ஒரு சீடனின் குறியில் விரலை வைத்து அழுத்தினால் எல்லோருடைய கையிலும் அது எரியும். எங்கே இருந்தாலும், என்ன வேலையாக இருந்தாலும், உடனே அவன் பக்கத்தில் போய் நிற்க வேண்டும். கல்லறைத் தோட்டத்தில் அவன் மறுபடி உடம்பெடுக்கும் காட்சியில் வார்ம்டெய்லின் கையைப் பிடித்து அதைத்தான் செய்கிறான். அப்புறம் வந்தவர்களை எண்ணுகிறான். யார் வரவில்லை, ஏன் வரவில்லை, அவர்களை என்ன செய்யலாம் என்று கணக்குப் பார்க்கிறான். பள்ளியில் அட்டெண்டன்ஸ் எடுப்பது மாதிரி.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். அவன் அழுத்துவது அடுத்தவன் கையை. தன் கையில் அந்தக் குறி இருப்பதாக நாவல் எங்கும் சொல்வதில்லை. மேய்ப்பவன் தனக்கே சூடு போட்டுக்கொள்வானா? கயிற்றின் ஒரு முனை மூக்கில், மறுமுனை கையில். கை யாருடையது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

அதை வாங்கியவர்களின் கதையைப் பாருங்கள். கார்க்கராஃப் ஒரு பெரிய பள்ளியின் தலைமை ஆசிரியர். விலை உயர்ந்த ரோம அங்கி, மிடுக்கு, எல்லாம் உண்டு. நான்காம் நாவல் முழுக்க அந்த மனிதர் வகுப்பு நடக்கும்போதே ஸ்னேப்பைத் துரத்திப் போய்ச் சட்டைக் கையைத் தூக்கிக் காட்டுகிறார்: குறி நாளுக்கு நாள் தெளிவாகிக்கொண்டே வருகிறது என்ற பயம். எஜமான் அழைத்த இரவில் வேறு பக்கமாக ஓடுகிறார். ஆறாம் நாவலில் ஒரு குடிசையில் அவர் பிணம் கிடைக்கிறது. கூரைக்கு மேலே டார்க் மார்க். கையில் இருந்தது வானத்துக்குப் போய்விட்டது. இரண்டும் ஒரே பொருள்தான் என்பதை ரௌலிங் இதைவிடத் தெளிவாக எப்படிச் சொல்வார்?

ஏழாம் நாவலில் மால்ஃபாய் மாளிகைக் காட்சி இன்னும் கேவலமானது. ஹாரியைப் பிடித்துக் கொண்டுவந்திருக்கிறார்கள். வோல்டமார்ட்டை அழைக்க வேண்டும். யார் கையை அழுத்துவது என்று லூசியஸும் பெல்லாட்ரிக்ஸும் மல்லுக்கு நிற்கிறார்கள். ஒரு காலத்தில் அமைச்சகத்தையே சட்டைப்பையில் வைத்திருந்த சீமான், எஜமானுக்கு மணி அடிக்கும் உரிமைக்காக மைத்துனியோடு இழுபறி போடுகிறான். நல்லவேளையில் அழைத்தால் மன்னிப்பு, தப்பான வேளையில் அழைத்தால் உயிர் போகும். மால்ஃபாய் குடும்பத்தை 'கெத்து' என்று சொல்லும் நண்பர்கள் இந்தப் பக்கங்களை எந்த மனநிலையில் படித்தார்கள் என்று எனக்கு நிஜமாகவே ஆச்சரியமாக இருக்கிறது.

*

'நான் குத்திக்கிட்டது ஸ்னேப்புக்காக, வோல்டமார்ட்டுக்காக இல்ல' என்று ஒரு பதில் வரும். வந்திருக்கிறது. இது கொஞ்சம் மரியாதையான வாதம் என்பதால் மரியாதையாகவே பதில் சொல்கிறேன்.

ஸ்னேப் அந்தக் குறியை வாழ்நாள் முழுக்க மூடி வைத்திருந்த மனிதர். கறுப்பு அங்கி, இறுக்கமான கைப்பகுதி. நான்காம் நாவலின் முடிவில், வோல்டமார்ட் திரும்பி வந்ததை மந்திரி ஃபட்ஜ் நம்ப மறுக்கும்போது, ஸ்னேப் முன்னால் வந்து சட்டைக் கையைத் தூக்கிக் காட்டுகிறார். 'இதோ சாட்சி, என் உடம்பிலேயே இருக்கிறது' என்பதாக. தன் வாழ்க்கையின் மிகப்பெரிய அவமானத்தை, தன்னை வெறுக்கிற ஆட்கள் நிறைந்த அறையில், ஒரு கோழை மந்திரியின் முன்னால் அவிழ்த்துக் காட்டுகிறார். ஃபட்ஜ் அருவருத்துப் பின்வாங்குகிறார், அப்போதும் நம்பவில்லை.

ஏழு நாவல்களில் அந்தக் குறி கௌரவமாகப் பயன்பட்ட ஒரே இடமாக எனக்குத் தோன்றுவது இது. அது குற்ற ஒப்புதலாக மாறுகிற நொடி. ஸ்னேப்பை நேசிக்கிறவர்கள் அவர் மறைத்ததை நகையாகப் போட்டுக்கொள்வதில் ஒரு விசித்திரம் இருக்கிறது. ஒரு மனிதரை நேசித்து, அவர் இரவுகளில் தூங்கவிடாமல் செய்த காயத்தை எடுத்து டிசைன் ஆக்குவது அவருக்குச் செய்யும் மரியாதைதானா? நீங்களே சொல்லுங்கள்.

*

எதிர்ப்பக்கமும் ஒரு பெருங்குழப்பம் உண்டு. குறியை வெறுப்பவர்களும் அதன் மேல் அளவுக்கு மீறி நம்பிக்கை வைக்கிறார்கள். 'மண்டையோடு இருந்தால் கெட்டவன், இல்லையென்றால் நம்ம ஆள்.' இந்த வாசிப்பும் அரைகுறைதான்.

ஃபென்ரிர் கிரேபேக் குழந்தைகளைக் குறிவைத்துக் கடிக்கும் ஓநாய் மனிதன். டெத் ஈட்டர் அங்கி போட்டுத் திரிகிறான். அவன் கையில் குறி இல்லை. கொடுக்கவில்லை! உள்வட்டத்துக்கு மட்டும்தான் அது. 'தூய ரத்தம்' பேசுகிறவர்களுக்கு அவன் கைக்கூலி மட்டுமே. அடிமை முத்திரையிலும் மேல் கீழ் உண்டு. அந்த முத்திரையும் தனக்குக் கிடைக்கவில்லையே என்று ஏங்குகிறவன் அடிமைக்கும் கீழே நிற்கிறான்.

அப்புறம் டொலொரஸ் அம்பிரிட்ஜ். இளஞ்சிவப்பு உடுப்பு, சுவரெங்கும் பூனைக்குட்டித் தட்டுகள், தேன் தடவிய குரல். கையில் எந்தக் குறியும் கிடையாது. வோல்டமார்ட்டுக்குத் தலை வணங்கியதும் கிடையாது. ஆனால் ஹாரியின் பின்னால் டிமென்டர்களை ஏவியவர் அவர். ஆட்சி மாறியதும், மந்திரவாதக் குடும்பத்தில் பிறக்காதவர்களைப் பதிவு செய்து விசாரிக்கும் ஆணையத்தின் தலைவராக உட்கார்ந்து, கோப்பில் கையெழுத்துப் போட்டு, மனிதர்களைச் சிறைக்கு அனுப்பியவர். அவருக்கு மண்டையோடு தேவைப்படவில்லை. ரப்பர் ஸ்டாம்ப் போதுமானதாக இருந்தது.

அம்பிரிட்ஜும் ஒரு குறி போடுகிறார் என்பதை மறக்காதீர்கள். ஹாரியைக் கூப்பிட்டு உட்காரவைத்து, பொய் சொல்ல மாட்டேன் என்று அவனையே எழுத வைக்கிறார். அந்த இறகுப் பேனாவுக்கு மை வேண்டாம். எழுத எழுத வார்த்தைகள் அவன் புறங்கையில் வெட்டிக்கொண்டு இறங்கும்; காகிதத்தில் அவன் ரத்தம் எழுத்தாகும். அந்தத் தழும்பு கடைசி வரை போவதில்லை. பின்னால் வேறொரு மந்திரி உதவி கேட்டு வரும்போது ஹாரி அந்தக் கையைத்தான் நீட்டிக் காட்டுகிறான். அந்தத் தழும்பைப் பச்சை குத்திக்கொள்கிற ரசிகர்களும் இருக்கிறார்கள். அவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. அவர்கள் பாதிக்கப்பட்டவன் பக்கம் நின்று படித்திருக்கிறார்கள்.

வரலாறும் இதையேதான் சொல்கிறது. நாஜிகளின் எஸ்.எஸ். படை தொப்பியில் மண்டையோட்டைச் சூடிக்கொண்டது. அதன் வீரர்கள் பலருக்கு இடது மேற்கையின் உட்புறத்தில் ரத்த வகையைப் பச்சை குத்தினார்கள், காயம்பட்டால் உடனே ரத்தம் ஏற்ற வசதியாக. போர் முடிந்ததும் அதே பச்சை அவர்களைக் காட்டிக்கொடுத்தது. சிலர் அதைச் சுட்டு அழிக்கப் பார்த்தார்கள். ஆனால் ஆஷ்விட்ஸ் முகாமில் மனிதர்கள் மேல் கொடூரப் பரிசோதனைகள் செய்த யோசெஃப் மெங்கலேவுக்கு அந்தப் பச்சை இல்லை. 1945இல் அமெரிக்கர்களிடம் பிடிபட்டும், எஸ்.எஸ். ஆள் என்று தெரியாமல் விடுவிக்கப்பட்டான். கடைசி வரை எந்த நீதிமன்றத்திலும் நிற்காமலே செத்தான். குறியை மட்டும் தேடினால் மெங்கலேக்கள் நடந்து போய்விடுவார்கள். அம்பிரிட்ஜ்களும்தான்.

அதே ஆஷ்விட்ஸில் கைதிகளுக்கு எண்ணைப் பச்சை குத்தினார்கள். பெரும்பாலும் இடது முன்கையில். டார்க் மார்க் இருக்கும் அதே கை, அதே இடம். ரௌலிங் இதை யோசித்துத்தான் வைத்தாரா என்பது எனக்கு இரண்டாம் பட்சம். வரலாற்றில் கொலைகாரன் மண்டையோட்டைத் தொப்பியில் வைத்துக்கொண்டான். வேண்டாத நேரத்தில் தொப்பியைக் கழற்றி வீசிவிட்டான். உயிர் தப்பிய கைதிக்கோ அந்த எண் சாகும் வரை கூடவே வந்தது. நாவல் இதைத் திருப்பிப் போடுகிறது. கொலைகாரனின் மண்டையோட்டைக் கொண்டுபோய்க் கைதியின் முன்கையில், கழற்ற முடியாதபடி பொறிக்கிறது. ஆண்ட சாதி என்று மார்தட்டும் கூட்டத்துக்கு ரௌலிங் கொடுத்தது கைதியின் இடத்தை. நாவலிலேயே கூர்மையான கிண்டல் இதுதான். அதைத்தான் நம் ஆட்கள் அழகு என்று எடுத்துக் குத்திக்கொள்கிறார்கள்.

*

இனி நான் சொல்லப் போவது ஹாரி கட்சிக்காரர்களுக்குக் கொஞ்சம் கசக்கும்.

2003இல் வந்த ஐந்தாம் நாவலில் பிள்ளைகள் ரகசியமாக ஒரு படை அமைக்கிறார்கள். டம்பிள்டோரின் படை. அடுத்த பயிற்சி எப்போது என்று எல்லோருக்கும் தெரிவிக்க ஹெர்மயனி ஒரு வழி கண்டுபிடிக்கிறாள். போலி காலியன் நாணயங்கள். ஹாரியின் நாணயத்தில் தேதியை மாற்றினால் எல்லோர் பையிலும் நாணயம் சூடாகும், தேதி மாறும். இதைக் கேட்டதும் ஹாரிக்கு டெத் ஈட்டர்களின் குறி நினைவுக்கு வருகிறது. ஹெர்மயனி மறுக்கவில்லை. யோசனையே அங்கிருந்துதான் எடுத்தது என்கிறாள். ஆனால் அவள் தேதியைத் தோலில் போடாமல் உலோகத்தில் போட்டாள்.

அந்தச் சின்ன வித்தியாசத்தில் இந்தக் கட்டுரை முழுக்க அடங்கியிருக்கிறது. தொழில்நுட்பம் ஒன்றுதான். ஒருவர் தொட்டால் எல்லோருக்கும் சுடும். ஆனால் நாணயத்தைத் தொலைக்கலாம். மேசை டிராயரில் போட்டுவிட்டுத் தூங்கலாம். 'இந்த வாரம் வரலை' என்று சொல்லலாம். கோபம் வந்தால் ஏரியில் எறியலாம். கூட்டத்தை விட்டுப் போகிற உரிமை இருக்கிற வரைக்கும்தான் அது கூட்டம். அந்த உரிமை போனால் தொழுவம்.

இத்தோடு நிறுத்தினால் ஹெர்மயனிக்கு மாலை போட்டுவிட்டுப் போய்விடலாம். ஆனால் அதே ஹெர்மயனி அதே நாவலில் இன்னொன்றும் செய்தாள். படையில் சேருகிறவர்கள் பெயர் எழுதிக் கையெழுத்துப் போட்ட காகிதத்தில் ஒரு சாபத்தை வைத்தாள். யாரிடமும் சொல்லவில்லை. மரியெட்டா என்ற பெண் காட்டிக்கொடுத்தபோது அவள் முகத்தில், கன்னமும் மூக்கும் சேர, துரோகி என்று பொருள்படும் சொல் கொப்புளங்களாக எழும்பியது. அடுத்த நாவல் தொடங்கும்போதும் அவள் கனமாக மேக்கப் பூசித்தான் நடமாடுகிறாள்.

மரியெட்டா செய்தது சரியென்று யாரும் சொல்லவில்லை. அவள் அம்மாவுக்கு வேலை அமைச்சகத்தில், பயம் வீட்டுக்குள்ளேயே இருந்தது. அதற்காகத் தோழர்களைக் காட்டிக்கொடுத்தது சரியாகிவிடாது. என் கேள்வி தண்டனை பற்றியது. பதின்வயதுப் பெண்ணின் முகத்தில், முன்னறிவிப்பு இல்லாமல், அழியாத எழுத்து. அவள் தோழி சோ சாங் 'முதலிலேயே சொல்லியிருக்க வேண்டாமா' என்று கேட்கிறாள். நியாயமான கேள்வி. ஹாரி அது அருமையான யோசனை என்று பதில் சொல்கிறான். வாசகர்களில் பாதிப் பேர் கைதட்டுகிறார்கள். நாவலும் அவள் முகத்தை மறந்துவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விடுகிறது.

அம்பிரிட்ஜ் ஹாரியின் புறங்கையில் எழுதினார். ஹெர்மயனி மரியெட்டாவின் முகத்தில் எழுதினாள். ஒன்று கொடுங்கோன்மை, இன்னொன்று எதிர்ப்பு. ஒத்துக்கொள்கிறேன். ஆனால் எழுதப்பட்ட இடம் இரண்டிலும் ஒன்றுதான்: அடுத்தவர் தோல். நல்ல நோக்கத்தோடு தொடங்கிய கூட்டமும் உறுப்பினரின் உடம்பில் எழுதத் தொடங்கிவிட்டால், எந்தப் பக்கத்துப் பேனாவை எடுத்திருக்கிறோம் என்று ஒரு நிமிடம் பார்க்க வேண்டும். ரௌலிங் பார்க்காமல் தாண்டிய இடம் இது. வாசகர்கள் நாமாவது நின்று பார்க்கலாம்.

கருவிகள் பக்கம் பார்ப்பதில்லை என்பதற்கு நாவலே இன்னொரு சாட்சி தருகிறது. ஆறாம் நாவலில் டிரேக்கோ மால்ஃபாய் தன் சதிக்கு மந்திரித்த நாணயங்களைத்தான் பயன்படுத்துகிறான். யோசனை எங்கே கிடைத்தது? ஹெர்மயனியின் படையிடமிருந்து. டார்க் மார்க்கிலிருந்து நாணயம்; நாணயத்திலிருந்து மறுபடியும் டெத் ஈட்டர் கை. அந்தச் சதி முடிகிற இரவில் பள்ளிக் கோபுரத்தின் மேல் டார்க் மார்க் மிதக்கிறது. அங்கே அதுவரை யாரும் சாகவில்லை. டம்பிள்டோரை இழுத்து வர வைத்த தூண்டில் அது. பொய்யாக எழுந்த குறி. அதன் கீழேயே அவர் கொல்லப்பட்டு அதை உண்மையாக்கிவிடுகிறார். அதைப் பார்த்து ஓடி வந்தவர், பார்க்கிறவர் மனதில் அந்தக் குறி ஏற்றி வைத்திருந்த பயத்துக்குத்தான் பலியானார்.

*

கடைசியாக ஒரு வாதம் மிச்சம் இருக்கிறது. இது படித்தவர்கள் வைக்கும் வாதம். 'சின்னங்களுக்கு நிரந்தரப் பொருள் கிடையாது. பொருள் மாறும். நாங்கள் அதை மீட்டெடுக்கிறோம்.'

இதற்குப் பதிலை நான் யோசிக்கத் தேவையே இல்லை. 2007இல் வந்த ஏழாம் நாவலில், ஒரு கல்யாணப் பந்தலில், விக்டர் க்ரம் சொல்லிவிட்டான். கழுத்தில் முக்கோணமும் வட்டமும் கோடும் சேர்ந்த சின்னத்தை மாட்டிக்கொண்டு ஸெனோஃபிலியஸ் லவ்குட் வந்திருக்கிறார். க்ரமுக்குக் கண் சிவக்கிறது. அவன் ஊரில் அது க்ரிண்டல்வால்டின் குறி. பள்ளிச் சுவரில் அவன் செதுக்கி வைத்தது. அந்த க்ரிண்டல்வால்ட் க்ரமுடைய தாத்தாவைக் கொன்றவன். பள்ளியில் சில பையன்கள் பந்தாவுக்காக அந்தக் குறியைப் புத்தகத்திலும் உடுப்பிலும் வரைந்துகொண்டு திரிந்தார்களாம். வீட்டில் ஆளைப் பறிகொடுத்த பிள்ளைகள் அவர்களுக்குப் பாடம் கற்பித்தார்களாம்.

வாசித்தீர்களா? உங்களைத்தான் எழுதியிருக்கிறார்! டீ-ஷர்ட்டும் பச்சையும் வருவதற்கு முன்னாலேயே, அதை மாட்டிக்கொண்டு வரப்போகிறவனுக்குக் கதைக்குள்ளேயே ஒரு இருக்கை போட்டு, எதிரில் ஒரு பேரனையும் உட்கார வைத்துவிட்டார்.

ஆனால் லவ்குட் நிரபராதி என்பதும் உண்மை. அவர் கழுத்தில் கிடந்தது டெத்லி ஹாலோஸ் சின்னம். க்ரிண்டல்வால்டுக்குப் பல நூற்றாண்டு முன்னாலேயே இருந்தது. பெவரெல் கல்லறையில் செதுக்கியிருக்கிறது. பழைய கதைப் புத்தகத்தில் வரைந்திருக்கிறது. கொலைகாரன் அதைத் திருடினான். திருடப்பட்டதைத் திரும்பக் கேட்கலாம். அதற்கு மீட்டெடுப்பு என்று பெயர் வைத்தால் நான் குறுக்கே நிற்க மாட்டேன்.

டார்க் மார்க்குக்கு அப்படி ஒரு முன்கதை கிடையாது. கொலைக்கு முன்னால் அது இருந்ததில்லை. ஒரு மனிதன், ஒரு வேலைக்காக, தானே உருவாக்கிய குறி. அந்த வேலையைக் கழித்துவிட்டால் மிச்சம் எதுவும் இல்லை. எதை மீட்கப் போகிறீர்கள்? யாரிடமிருந்து? கையில் கட்டிய கயிற்றின் நிறத்தை வைத்து ஆளை எடைபோடும் பள்ளிக்கூடங்கள் இருக்கும் ஊரில் உட்கார்ந்துகொண்டு 'வெறும் டிசைன்தானே ப்ரோ' என்று நாம் சொல்லக் கூடாது. டிசைன் யாருக்கு வெறும் டிசைனாக இருக்கிறது என்பதுதான் முதல் கேள்வி. க்ரமுக்கு அது டிசைனாக இல்லை. ஆர்தர் வீஸ்லிக்கும் இல்லை.

இவ்வளவும் ஒரு கற்பனைக் குறிக்காகவா என்று நீங்கள் கேட்கலாம். ஆமாம். நிஜக் குறிகள் வரும்போது யோசிக்க நமக்கு நேரம் தரமாட்டார்கள். கூட்டத்தோடு கூட்டமாக, மேளத்தோடு, நண்பர்கள் சூழ, 'நீயும் போட்டுக்கடா' என்று வரும். கதையில்தான் நின்று நிதானமாகப் பார்க்க முடிகிறது: இதைக் கழற்ற முடியுமா, இதைக் கொடுத்தவன் தான் போட்டுக்கொண்டானா, இதைப் பார்த்தால் எந்த வீட்டு வாசலில் யாருக்குக் கால் நடுங்கும் என்று. கதையிலேயே இதைப் பார்க்கத் தவறுகிற கண், தெருவில் மட்டும் எப்படிப் பார்க்கும்?

மீனிக்ஸ் சங்கத்தை நினைத்துப் பாருங்கள். மன்னிக்கவும், ஃபீனிக்ஸ் சங்கம். அதன் பெயரை எழுதிப் பழகவே எனக்குக் கை வரவில்லை, அந்த அளவுக்கு அது ரசிகர் கடைகளில் கண்ணில் படுவதில்லை. வோல்டமார்ட்டை எதிர்த்து இரண்டு முறை போரிட்ட அந்தச் சங்கம் யார் கையிலும் குறி போட்டதில்லை. சேதி சொல்ல வேண்டுமென்றால் தங்களுடைய மகிழ்ச்சியான நினைவிலிருந்து ஒரு பேட்ரோனஸை எழுப்பி அனுப்புவார்கள். ஒருவருக்கு மான், ஒருவருக்கு வேறு ஏதோ ஒன்று; ஒவ்வொருவருக்கும் வெவ்வேறு. அதை யாரும் யாருக்கும் பொசுக்கி வைக்க முடியாது. போய்ச் சேர்ந்ததும் கலைந்துவிடும். அச்சடித்து விற்பது கஷ்டம்தான். ஒரே மாதிரி ஆயிரம் போட முடியாது.